தூங்குகிறவளிடம் சொன்னது

பகலில் தூங்குகிறவர்களுக்கு வரும் கனவு வேறு. ராத்திரிக் கனவு விடிந்ததும் ஓடிவிடும். பகல் கனவு நம்மோடு சேர்ந்து எழுந்து, முகம் கழுவி, கம்பெனி பஸ்ஸில் ஏறி, லைனில் பக்கத்தில் வந்து நின்றுகொள்ளும். எது நடந்தது, எது கனவில் வந்தது என்று சில நாள் எனக்கே பிடிபடாது. லூசு என்று நினைத்தால் நினைத்துக்கொள்ளுங்கள். ஷிஃப்ட் மாற்றி மாற்றி வேலை பார்த்தவர்களுக்கு நான் சொல்வது புரியும்.

என் பெயர் முத்துச்செல்வி. சொந்த ஊர் சங்கரன்கோவில் பக்கம். சுங்குவார்சத்திரத்தை ஒட்டி இருக்கும் ஃபோன் கம்பெனியில் வேலை. என் வீட்டுக்காரர் இசக்கிபாண்டிக்கு ஒரகடத்தில், கார் பிரேக் செய்கிற கம்பெனியில். நாங்கள் பார்த்துக்கொண்டதே பஸ் ஸ்டாப் டீக்கடையில்தான். அவருடைய பஸ் வந்து அவர் இறங்குகிற நேரமும், என் பஸ் வந்து நான் ஏறுகிற நேரமும் ஒன்று. ஒரு டீ குடித்து முடிக்கிற அளவுக்குத்தான் பேச்சு. அந்தப் பேச்சை வைத்தே காதலித்தோம், கல்யாணமும் செய்துகொண்டோம். ரெண்டு வீட்டிலும் திட்டினார்கள், பிறகு வந்து சாப்பிட்டுவிட்டுப் போனார்கள்.

கல்யாணத்துக்குப் பிறகும் மூன்று வருஷம் டீக்கடை கதைதான். சுங்குவார்சத்திரத்திலேயே கோவிந்தம்மா அக்கா வீட்டு மாடியில் ஒரு ரூம், ரூமுக்குள் ஒரு கட்டில். பகலிலும் தூங்க வேண்டுமே என்று ஜன்னலில் கறுப்பு பிளாஸ்டிக் கவரை ஒட்டி வைத்திருந்தோம். நான் காலை ஷிஃப்ட் போனால் அவர் நைட் முடித்து வந்து படுப்பார். நான் திரும்பும்போது நல்ல தூக்கத்தில் இருப்பார். எனக்கு நைட் வந்தால், சொல்லிவைத்த மாதிரி அவருக்குப் பகல் வந்துவிடும். ஒருவர் படுத்திருந்தால் மற்றவர் முழித்திருப்பார்.

ஆனால் உண்மையைச் சொல்கிறேன், அந்த மூன்று வருஷமும் நான் சந்தோஷமாக இருந்தேன். ஷிஃப்ட் முடிந்து வந்து சத்தமில்லாமல் கதவைத் திறப்பேன். உள்ளே சாயங்காலம் போல ஒரு இருட்டு. அவர் ஒரு கையை நெற்றிமேல் போட்டுக்கொண்டு, வாயை லேசாகத் திறந்து தூங்கிக்கொண்டிருப்பார். தட்டில் சோற்றைப் போட்டுக்கொண்டு தரையில் உட்கார்ந்து, அந்த முகத்தைப் பார்த்துக்கொண்டே சாப்பிடுவேன். அந்த முகத்தில் ஒரு கெட்டது கிடையாது. எப்பேர்ப்பட்ட மனுஷன் நமக்குக் கிடைத்திருக்கிறான் என்று நினைத்துக்கொள்வேன். கண்ணே பட்டுவிடும் என்று பயந்து திரும்பிக்கொண்ட நாளும் உண்டு.

நான் தூங்கும்போது அவர் என்ன செய்வார் என்று கோவிந்தம்மா அக்கா சொல்லித்தான் எனக்குத் தெரியும். மாடியில் துணி காயப்போட வந்தவர் ஒரு நாள் பிடித்துக்கொண்டார்.

"இன்னாமா, நீ தூக்கத்துல பேசிக்கினு கீற. உங்க வூட்டுக்காரு பக்கத்துல குந்திக்கினு ஒண்ணொண்ணுத்துக்கும் பதில் சொல்லிக்கினு கீறாரு. முழிச்சிக்கினா மட்டும் ரெண்டு பேருக்கும் பேச்சு மூச்சு காணோமே?"

"என்ன பேசுனேன்க்கா?"

"அடிப் போம்மா, வெக்கமா கீது எனக்கு."

எனக்கு வெட்கமாகவும் இருந்தது, சிரிப்பாகவும் இருந்தது. அப்போதிருந்து என் கனவுகளில் யாராவது பதில் சொன்னால், அது அவராக இருக்குமோ என்று யோசிப்பேன். அவரிடம் கேட்டதில்லை. கேட்க நேரம் ஏது?

அப்புறம் அவர் கம்பெனியில் ஆர்டர் குறைந்து நைட் ஷிஃப்டை நிறுத்தினார்கள். அதே சமயம் என்னையும் பகலுக்கு மாற்றினார்கள். லைனில் எல்லாரும் என்னைக் கிண்டல் செய்தார்கள். 'இனிமே புது மாப்ள, புதுப் பொண்ணுதான்' என்று பிரவீனா சுற்றிச் சுற்றி வந்தாள். நானும் புதுத் தலையணை உறை வாங்கிக்கொண்டு போனேன்.

அடக்கடவுளே! அந்த ஆளோடு ஒரு முழுச் சாயங்காலம் முழித்திருக்க முடியவில்லை. ஃபோனில் வீடியோ பார்த்தால் தெருவுக்கே கேட்கிற மாதிரி சத்தம். குறைக்கச் சொன்னால் ஒரு நிமிஷம் குறைத்துவிட்டு மறுபடி கூட்டுவார். எனக்கோ மூக்குக்கு மேல் கோபம், அதை நான் மறைத்ததும் கிடையாது. ஒரு நாள் சாம்பாரை ஊற்றினேன். தட்டைத் தள்ளி வைத்தார்.

"எனக்குப் பெருங்காயம் சேராதுட்டி."

"மூணு வருசமா டிபன் பாக்ஸ் காலியாத்தான வந்துச்சு?"

"தளவாய்க்குக் குடுத்துருவேன். அவனுக்கு ஒன் சாம்பார்னா உசுரு."

தளவாய் அவருடைய லைனில் வேலை பார்க்கிற பையன். மண்ணூரில் இன்னும் நாலு பேரோடு ரூம் எடுத்துத் தங்கியிருந்தான். மூன்று வருஷமாக நான் விடியுமுன் எழுந்து, என் புருஷனுக்கு என்று ஆசை ஆசையாகச் சமைத்ததை எவனோ ஒருத்தன் சப்புக்கொட்டித் தின்றிருக்கிறான். எனக்கு அழுகையும் ஆத்திரமும் சேர்ந்து வந்தது. கரண்டியை வீசினேன், சுவரில் பட்டது. அவர் கத்தவில்லை. கத்தியிருந்தால்கூடப் பரவாயில்லை.

"தூக்கத்துல நீ எம்புட்டுப் பாசமாப் பேசுவ தெரியுமா? முழிச்சிருக்கும்போது அதுல பாதிகூட இல்லட்டி ஒங்கிட்ட" என்றார்.

"நீங்க மட்டும்? தூங்கும்போதுதான் மனுசனா இருக்கிய."

இப்படித்தான் போனது. சாம்பாரில் ஆரம்பித்தது சொந்தக்காரர்களில் போய் நின்றது. ஒரு வருஷம் கழித்து, சண்டை போடவே தெம்பில்லாத ஒரு சாயங்காலம், "நமக்கு ஒத்து வரல செல்வி" என்றார். "ஆமா" என்றேன். கல்யாணமாகி நாங்கள் ரெண்டு பேரும் ஒரே பேச்சில் ஒத்துப்போனது அதில்தான்.

காஞ்சிபுரத்தில் மரகதம் என்று ஒரு வக்கீல் அம்மா. ரெண்டு பேரும் சம்மதித்துப் பிரிவது என்றால் சுலபம், ஒரு உடன்படிக்கை எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கோர்ட்டில் கொடுக்க வேண்டும் என்றார். ஒருத்தர் மேல் ஒருத்தருக்குப் பாத்தியதை இல்லை, ஜீவனாம்சம் கேட்கவில்லை, ரூம் எனக்கு. எல்லாம் சட்டென்று முடிந்தது. கட்டில் யாருக்கு என்று கேட்டதும்தான் வம்பு. "அவளே வச்சுக்கிடட்டும்" என்றார் அவர். "எனக்கு வேண்டாம், அவரே தூக்கிட்டுப் போகட்டும்" என்றேன் நான். வக்கீல் அம்மா பேனாவைக் கீழே வைத்துவிட்டார்.

"கட்டில் எனக்கு வேணும்னு அடிச்சிக்கிறவங்களப் பார்த்திருக்கேன். வேணாம்னு அடிச்சிக்கிறவங்கள இப்பதான் பாக்குறேன்" என்று சொல்லி, என் பெயரில் எழுதினார்.

ஒரு வருஷமாகத் தனித்தனியாக வாழ்ந்திருக்க வேண்டுமாம், சட்டம் அப்படி. ஒரே விலாசம் இருந்தால் நீதிபதி கேள்வி கேட்பார் என்று, அவருக்கு மண்ணூரில் தளவாய் ரூம் விலாசத்தைப் போடச் சொன்னார். நாங்களும் தலையாட்டினோம். மனுவைக் கொடுத்த பிறகு யோசித்துப் பார்க்க ஆறு மாசம் கொடுப்பார்கள், அதற்குள் யாருக்காவது மனசு மாறினால், கடைசி நிமிஷத்தில்கூட வேண்டாம் என்று சொல்லலாம் என்றார். "அப்டி யாரும் சொல்றதில்ல" என்றும் சேர்த்துக்கொண்டார். மனுவைக் கொடுத்துவிட்டு வந்தோம்.

தளவாய் ரூமில் இடம் காலியாகவில்லை. காலியாகட்டும், போகிறேன் என்றார் இவர். அந்தச் சமயம் பார்த்து அவர் கம்பெனியில் மறுபடி நைட் ஷிஃப்ட் ஆரம்பித்தார்கள், எனக்கும் பழையபடி ஷிஃப்ட் மாறி மாறி வந்தது. கதவைச் சத்தமில்லாமல் திறக்கிற வாழ்க்கை திரும்பி வந்தது.

வந்த முதல் நாளே எனக்கு என்னமோ ஆகிவிட்டது. ஜன்னல் கவர் வழியாக வெளிச்சம் பழுப்பாக வந்து அவர் கன்னத்தில் விழுந்திருந்தது. நெற்றிமேல் அதே கை. கோர்ட்டில் என்னை வேண்டாம் என்று எழுதிக்கொடுத்த ஆள் இவர்தானா என்று இருந்தது. வீடியோ சத்தம், பெருங்காயம், தளவாய் எல்லாம் வேறு யாருக்கோ நடந்த மாதிரி ஆகிவிட்டது. தட்டை மடியில் வைத்துக்கொண்டு பார்த்துக்கொண்டே இருந்தேன். அவர் எழுகிற நேரம் வந்தால் நானே மொட்டைமாடிக்குப் போய்விடுவேன். அவர் குளித்துக் கிளம்பிப் போகிற வரைக்கும் தூரத்து ஏரியையும், அதற்கு அந்தப் பக்கம் வரிசையாக நிற்கும் கம்பெனிக் கூரைகளையும் பார்த்துக்கொண்டு நிற்பேன். முழித்த முகத்தைப் பார்த்தால் எல்லாம் போய்விடும் என்று பயம். அவரும் நான் முழித்திருக்கிற நேரத்தில் டீக்கடையில் போய் உட்கார்ந்துகொண்டார்.

அந்த மாசங்களில்தான், எனக்கு நைட் ஓடிய ஒரு வாரம், பகல் தூக்கத்தில் அந்தக் கனவு வந்தது. கம்பெனி பஸ் ரோட்டை விட்டு இறங்கி ஏரிக்குள் போகிறது. யாரும் பயப்படவில்லை. தண்ணீர் ஜன்னல் வரைக்கும் வந்து, சீட்டுக்கு நடுவில் இலைகள் மிதக்கின்றன. எல்லாரும் ஐடி கார்டைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு தூங்குகிறார்கள். எதிரே இன்னொரு பஸ் தண்ணீரில் மெதுவாக வருகிறது, ஜன்னலோரம் அவர். ரெண்டு பஸ்ஸும் உரசிக்கொண்டு நிற்கின்றன. கையை நீட்டினால் தொடலாம்.

"என்ன விட்டுட்டுப் போயிருவியளா?" என்று கேட்கிறேன்.

"நான் எங்கயும் போகலட்டி. நீ தூங்கு."

கண் விழித்தேன். ஃபேன் ஓடிக்கொண்டிருந்தது. கதவு சாத்தியிருந்தது. அவர் கிளம்பிப் போயிருந்தார். ஆனால் அந்தக் குரல் கனவுக் குரல் இல்லை, காதுக்குப் பக்கத்தில் கேட்ட குரல். சத்தியமாக அவர்தான் சொன்னார்! கட்டிலில் உட்கார்ந்து தனியாகச் சிரித்தேன், அப்புறம் அழுதேன். அன்றைக்கு லைனில் நான் பாட்டு முணுமுணுத்ததைப் பார்த்து, சூப்பர்வைசர்கூட "என்னம்மா, ஏதும் விசேஷமா?" என்றார். கடைசி நிமிஷத்தில்கூட வேண்டாம் என்று சொல்லலாம். நான் சொல்லிவிடப் போகிறேன் என்று அன்றைக்கே முடிவு செய்தேன். எனக்கு என் புருஷன் வேண்டும்.

அவரிடம் ஒரு வார்த்தை கேட்டிருக்கலாமே என்பீர்கள். கேட்கிறதென்றால் ரெண்டு பேரும் முழித்திருக்க வேண்டுமே.

ஆறு மாசம் முடிந்து கூப்பிட்ட அன்றைக்கு, கோர்ட்டுக்கு அவர் நைட் ஷிஃப்ட் முடித்து யூனிஃபார்மோடு நேராக வந்தார். கையில் ஒரு பெரிய பை. அது எங்கள் ரூமில் கட்டிலுக்கு அடியில் கிடக்கிற பை. என் மனசு கொஞ்சம் ஆடியது. ஆனாலும் கனவில் கேட்டதை இறுக்கிப் பிடித்துக்கொண்டேன். வராந்தா பெஞ்சில் பக்கத்தில் உட்கார்ந்தார். "சாப்ட்டியளா?" என்றேன். "ம்" என்றார். அவ்வளவுதான், கண் சொருகி, தலை என் தோளில் வந்து சாய்ந்தது.

சுற்றி எத்தனை ஜோடி, எத்தனை வக்கீல்! ஒருத்தி மாமியாரைத் திட்டிக்கொண்டிருந்தாள். எதிர் பெஞ்சிலிருந்த ஒரு அம்மா எங்களைப் பார்த்துவிட்டு, "நீங்க யாரு கேசுக்கும்மா வந்தீங்க?" என்று கேட்டார். எனக்குப் பெருமையாக இருந்தது. அசையாமல் உட்கார்ந்திருந்தேன். இப்படியே சாயங்காலம் வரைக்கும் கூப்பிடாமல் இருந்தால் நன்றாக இருக்கும் என்று வேண்டிக்கொண்டேன். வராந்தா வெயில் மெதுவாக எங்கள் காலடிக்கு வந்து, முழங்காலுக்கு ஏறியது.

பெயரைக் கூப்பிட்டார்கள்.

"எந்திரிங்க, கூப்புடுதாவ" என்று அவர் கன்னத்தைத் தட்டினேன். கண்ணைத் திறந்தார். என்னைப் பார்த்து ஒரு சிரிப்பு சிரித்தார் பாருங்கள், அது எனக்கான சிரிப்பு. அடுத்த நொடி முழுசாக முழித்துக்கொண்டார். சிரிப்பு போய்விட்டது. பையை எடுத்துக்கொண்டு எனக்கு முன்னால் நடந்தார்.

நீதிபதி ஒரு பெண். கண்ணாடிக்கு மேலே பார்த்துப் பேசினார். முதலில் அவரைக் கேட்டார். "யாரும் கட்டாயப்படுத்தலையே? முழு மனசோட சம்மதமா?"

"சம்மதம்மா."

அப்புறம் என்னைப் பார்த்தார். 'எனக்கு இவர் வேண்டும்' என்பதைத்தான் சொல்ல வந்தேன். வந்த வார்த்தை வேறு.

"அம்மா, இவரு மண்ணூர்ல இல்ல. எங்க ரூம்லதான் இருக்காரு. ரெண்டு பேரும் ஒரே வீட்டுல, ஒரே கட்டில்லதான் தூங்குதோம். நாங்க பிரிஞ்சு வாழவே இல்லம்மா."

மரகதம் அம்மா தலையில் கை வைத்துக்கொண்டார். பின்னால் யாரோ சிரித்தார்கள். நீதிபதி சிரிக்கவில்லை. வக்கீல் அம்மாவை ஒரு பார்வை பார்த்தார். "விலாசம் விஷயத்தை உங்ககிட்ட அப்புறம் கேக்கிறேன்" என்றார். பிறகு என்னிடம் நிதானமாகக் கேட்டார்.

"ஒரே வீட்டுல இருக்கீங்க. சரி. சேர்ந்து உக்காந்து கடைசியா எப்பம்மா சாப்ட்டீங்க?"

யோசித்தேன். சாம்பார்த் தட்டைத் தள்ளிய சாயங்காலத்துக்குப் பிறகு எதுவும் ஞாபகத்துக்கு வரவில்லை.

"நான் சாப்பிடும்போது அவரு தூங்குவாரும்மா."

"அவருக்கு யாரு சமைக்கிறது?"

"கேன்டீன்ல சாப்புடுவாரு."

"கடைசியா அவர் உன்கிட்ட முகத்தைப் பார்த்து என்ன பேசினார்?"

எனக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது. "பேசுனாரும்மா. நான் எங்கயும் போகலன்னு சொன்னாரு." அவர் பக்கம் திரும்பினேன். "சொன்னியளா இல்லையா? சும்மா நிக்காதிய, சொல்லுங்க!"

அவர் தரையைப் பார்த்துக்கொண்டு நின்றார். பையின் பிடியை மாற்றிப் பிடித்தார்.

"சொன்னேன் செல்வி" என்றார். "நீ தூங்கிட்டு இருந்த."

கனவு இல்லை. அவர்தான் சொல்லியிருக்கிறார். எனக்கு உடம்பெல்லாம் சிலிர்த்தது.

நீதிபதி முன்னால் சாய்ந்து உட்கார்ந்தார். "இப்ப முழிச்சிருக்காங்க. இப்ப சொல்லுங்க, கேப்போம். சொன்னீங்கன்னா இந்த மனுவ இப்பவே தள்ளுபடி பண்ணிடுறேன்."

அவர் என்னை நிமிர்ந்து பார்த்தார். நைட் வேலை பார்த்த கண், சிவந்து கிடந்தது. வாயைத் திறந்தார். சொல்லத்தான் பார்த்தார், அதை நான் மறுக்க மாட்டேன். ஒரு சத்தமும் வரவில்லை. நானும் காத்திருந்தேன். காத்திருக்கக் காத்திருக்க, அந்த முகம் வேர்த்துக்கொண்டே போனது. என்னிடம் அகப்பட்டுக்கொண்ட முகமாக இருந்தது அது. தூங்கும்போது அந்த முகத்தில் இப்படி ஒரு பயத்தை நான் பார்த்ததே கிடையாது. இந்த மனுஷனை இழுத்துக்கொண்டு போய் நான் என்ன செய்ய? காலமெல்லாம் தூங்கவா வைக்க முடியும்?

"விடுங்கம்மா" என்றேன். "எனக்குச் சம்மதம்."

"நல்லா யோசிச்சுதான் சொல்றியா? அவர் வாயத் திறக்கலன்னு கோபத்துல சொல்லல இல்ல?"

"கோவம் இல்லம்மா. அவருக்கு வர மாட்டேங்குது. பாவம்."

நீதிபதி பேனாவை எடுத்தார். பிறகு மெதுவான குரலில், ஒரே கூரைக்குக் கீழே இருந்தாலும் கணவன் மனைவியாக வாழவில்லை என்றால், சட்டம் அதையும் பிரிந்து வாழ்வதாகத்தான் எடுத்துக்கொள்ளும் என்று சொல்லி எழுதினார். கையெழுத்துப் போட்டோம்.

வெளியே வந்து ஒரே பஸ்ஸில்தான் ஏறினோம். அந்த நேரத்துக்கு அந்தப் பஸ்தான் இருந்தது. ரெண்டு பேர் உட்காருகிற சீட் ஒன்று காலியாக இருந்தது, சேர்ந்து உட்கார்ந்தோம். "மண்ணூருக்கா?" என்றேன். "ஆமா. தளவாய் ரூம்ல ஒருத்தன் காலி பண்ணிட்டான்" என்றார். பஸ் ஊரைத் தாண்டியதும் காற்று அடித்தது. ஜன்னலுக்கு வெளியே ஏரித் தண்ணீர் கொஞ்ச தூரம் கூடவே வந்தது. திரும்பிப் பார்த்தால், தூங்கிவிட்டார்.

அதே முகம். நெற்றிக்குக் கை போயிருந்தது. பார்க்கக் கூடாது என்று நினைத்தேன், பார்த்துக்கொண்டேதான் வந்தேன். பாவி மனசு, கையெழுத்துப் போட்டு ஒரு மணி நேரம்கூட ஆகவில்லை, அந்த ஆள் மேல் அப்படி ஒரு ஆசை பொங்கிக்கொண்டு வந்தது. தலை என் தோளுக்கு வந்தது. சுங்குவார்சத்திரம் வராமலே போய்விடக் கூடாதா என்று இருந்தது.

வந்துவிட்டது. அவர் தலையை மெதுவாக எடுத்து ஜன்னல் கம்பியில் சாய்த்து வைத்தேன். பை விழாமல் காலுக்கு நடுவில் இடுக்கிவிட்டேன். படிக்கட்டுக்கு வந்து கண்டக்டரிடம் சொன்னேன்.

"அண்ணே, அந்த நாலாவது சீட்டுல தூங்குறவரு. ஸ்ரீபெரும்புதூர் வந்ததும் கொஞ்சம் எழுப்பி விட்டுருங்க, அங்க மண்ணூர் பஸ் மாறணும். நைட் ஷிஃப்ட் பாத்துட்டு வாராரு, தானா எந்திரிக்க மாட்டாரு."

"நீ இன்னாமா ஆவணும் அவருக்கு?" என்று கேட்டுக்கொண்டே விசிலை வாயில் வைத்தார் கண்டக்டர்.

"பக்கத்து சீட்டுண்ணே" என்று சொல்லிவிட்டு இறங்கினேன்.